மலைச்சரிவில் கொட்டிய மண் ஏன் இறங்குகிறது, ரோலர் ஓட்டினால் நின்றுவிடுமா?

ஒருவர் என்னிடம் கேட்ட கேள்வி சுருக்கமாக இதுதான். கோத்தகிரி பக்கம் சரிவில் 12 சென்ட் நிலம். இரண்டு வருடத்துக்கு முன் ஜேசிபி வைத்து மேல்பக்கம் வெட்டி, வெட்டிய மண்ணைக் கீழ்ப்பக்கம் தள்ளி, 60 அடிக்கு 30 அடி சமதளம் எடுத்திருக்கிறார். கார் நிறுத்தவும் ஒரு ஷெட் போடவும் இடம் வேண்டும். இரண்டு மழைக்காலம் போனதில் வெளிப்பக்கம் அரை அடி இறங்கிவிட்டது, நடுவில் நீளவாக்கில் ஒரு விரிசல். "ரோலர் வாடகைக்கு எடுத்து இரண்டு நாள் ஓட்டலாமா, இல்லை மேலே கான்கிரீட் போட்டு மூடிவிடலாமா?" என்று கேட்கிறார்.

இரண்டும் வேண்டாம். ரோலர் ஓட்டினால் மேலே ஒரு அடி மட்டும் பாறை மாதிரி இறுகும், அதற்குக் கீழே எல்லாம் அப்படியே கிடக்கும். கான்கிரீட் போட்டால் இறங்குவது கண்ணுக்குத் தெரியாமல் போகும், அவ்வளவுதான். அடியில் மண் இறங்க இறங்கப் பலகை அந்தரத்தில் நிற்கும். ஒரு நாள் கார் ஏறும்போது உடையும்.

குன்னூர், கோத்தகிரி பக்கம் 20 வருடத்துக்கு மேல் மண்வேலை பார்த்தவன் நான். இந்தத் தப்பை நானே செய்திருக்கிறேன். தொழிலுக்கு வந்த புதிதில் ஒரு தேயிலைத் தொழிற்சாலைக்கு இலை லாரி திரும்ப முற்றம் போட்டுக் கொடுத்தோம். நாலு அடி உயரத்துக்கு மண்ணை ஒரே தடவையில் கொட்டி நிரவி, 10 டன் ரோலரை நாள் முழுக்க ஓட்டினோம். மாலையில் மண்வெட்டியால் கொத்தினால் தீப்பொறி பறக்காத குறை. எல்லாருக்கும் திருப்தி. நவம்பர் மழையில் ஒரு வாரம் நனைந்த பிறகு, இலை ஏற்றி வந்த லாரியின் பின்சக்கரம் அச்சு வரை உள்ளே போனது. குழியை எட்டிப் பார்த்தால் மேலே முக்கால் அடிக்குப் பாளமாக இறுகிய மண், அதற்குக் கீழே கொட்டிய நாளில் இருந்தபடியே பொலபொலவென்ற மண், இடையிடையே தேயிலை வேர். வேரைச் சுற்றிக் கை நுழையும் அளவுக்குச் சந்து.

ஆகவே முதலில் ஒரு குழி தோண்டிப் பாருங்கள். வெளிவிளிம்பிலிருந்து நாலடி உள்ளே, ஆள் இறங்கும் அகலத்தில், பழைய தரை தட்டுப்படும் வரை. கடப்பாரையை ஓங்காமல் அழுத்தினாலே இறங்கினால் அது இறுகாத மண். கறுப்பு மேல்மண், புல், வேர், தேயிலைக் கட்டை எந்த ஆழத்தில் வருகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். அந்த வரிதான் உங்கள் பழைய சரிவு.

எவ்வளவு இறங்கும் என்று ஒரு மனக்கணக்கு போடலாம். மூன்றடிக்கு ஓரடி ஏறும் சரிவில் 30 அடி அகலச் சமதளம் எடுத்தால், உள்பக்கம் 15 அடி வெட்டு, வெளிப்பக்கம் 15 அடி கொட்டல், விளிம்பில் கொட்டல் உயரம் 5 அடி. வெட்டி அள்ளிய மண் உதிர்ந்து பருத்துக் கிடக்கும். ஊரில் புதைகுழி மூடியதைப் பார்த்தவர்களுக்கு இது தெரியும். தோண்டிய மண்ணை அதே குழியில் போட்டாலும் மேடாகத்தான் நிற்கும், ஒரு மழைக்காலம் போனால் அமுங்கிப் பள்ளமாகும். அப்படி உதிரியாகக் கிடக்கும் மண் தானாக அடங்கும்போது உயரத்தில் ஆறில் ஒரு பங்கு, ஐந்தில் ஒரு பங்கு வரை இழக்கலாம். உங்கள் 5 அடியில் அது 10 முதல் 12 அங்குலம். அரை அடி போயிருக்கிறது. மீதி அரை அடி இன்னும் பாக்கி.

"வெட்டிய பக்கம் சுவர் மாதிரி செங்குத்தாக நிற்கிறதே, அதே மண்ணைக் கொட்டினால் மட்டும் ஏன் நிற்க மாட்டேன் என்கிறது?" என்று பலர் கேட்பார்கள். நல்ல கேள்வி. நீலகிரியின் அடிப்பாறை பெரும்பாலும் சார்னோக்கைட். அது இருந்த இடத்திலேயே லட்சக்கணக்கான வருடம் மழையில் ஊறி, மக்கி, செம்மண்ணாக மாறியது. பாறையாக இருந்தபோது இருந்த பிடிப்பில் கொஞ்சமும், இரும்புத் துரு ஒட்டவைத்த பிடிப்பு கொஞ்சமும் அந்த மண்ணுக்குள் இன்னும் மிச்சம் இருக்கிறது. வெட்டு முகம் நிற்பது அந்தப் பிடிப்பில்தான். ஜேசிபி வாளி ஒரு தடவை அள்ளிப் புரட்டியதும் அது அறுந்துபோகும், திரும்ப வராது. இறுக்குவது என்பது அறுந்துபோன பிடிப்புக்குப் பதிலாக நாம் செய்து கொடுக்கும் ஏற்பாடு. மண்துகள்களுக்கு நடுவில் இருக்கும் காற்றை வெளியேற்றி, துகளைத் துகளோடு நெருக்கிவைக்கிறோம்.

அதற்கு எடை வேண்டும் என்று எல்லாரும் நினைக்கிறார்கள். எடை வேண்டும்தான். ஆனால் எடையைவிட ஈரம் முக்கியம்.

கிரிக்கெட் பார்ப்பவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். பிட்ச் தயார் செய்பவர் காய்ந்த மண்ணில் ரோலர் ஓட்டுவதில்லை. தண்ணீர் விட்டு, அது உள்ளே இறங்கி, மேல்பரப்பு ரோலரில் ஒட்டாத பதத்துக்கு வரும்வரை காத்திருந்து, அப்புறம்தான் ஓட்டுவார். கிராமத்தில் களம் போடுகிறவர்களும் அப்படித்தான். முந்தின நாள் சாயங்காலம் தண்ணீர் தெளித்து, மறுநாள் காலை பதம் பார்த்துத் திமிசுக்கட்டையால் இடித்து, கடைசியில் சாணி மெழுகுவார்கள். ரொம்பக் காய்ந்த மண்ணில் கட்டிகள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு நிற்கும், அடித்தாலும் நகராது. கொஞ்சம் ஈரம் ஏறினால் கட்டி இளகும், துகள்கள் வழுக்கி நெருங்கும். ஈரம் இன்னும் ஏறினால் சந்துகளில் தண்ணீர் குடியேறிவிடும். காற்றை அடித்து வெளியேற்றலாம், களிமண்ணுக்குள் இருக்கும் தண்ணீரை அடித்து வெளியேற்ற முடியாது. நடுவில் ஒரே ஒரு பதம், அதில்தான் ஒரே உழைப்புக்கு அதிக அடர்த்தி கிடைக்கும்.

இதை அளந்து சொன்னவர் ரால்ப் புரோக்டர் என்ற அமெரிக்கப் பொறியாளர். லாஸ் ஏஞ்சல்ஸ் நகரின் குடிநீர்த் துறையில் வேலை பார்த்தவர். 1928-ல் அந்த ஊரின் செயின்ட் பிரான்சிஸ் அணை உடைந்து 400 பேருக்கு மேல் இறந்தார்கள். அது கான்கிரீட் அணை, உடைந்ததற்குக் காரணம் அடிநிலம் தாங்காதது. அதற்குப் பதிலாக வந்தது மண் அணை. மண் அணையை நம்ப வேண்டுமென்றால் மண் எவ்வளவு இறுகியிருக்கிறது என்று எண்ணில் சொல்லத் தெரிய வேண்டும். 1933-ல் புரோக்டர் தன் முறையை வெளியிட்டார். இன்று நம் ஊர் ஆய்வகங்களிலும் அதே முறைதான். 1,000 கன சென்டிமீட்டர் அச்சில் மண்ணை மூன்று அடுக்காகப் போட்டு, 2.6 கிலோ சுத்தியை 31 சென்டிமீட்டர் உயரத்திலிருந்து அடுக்குக்கு 25 முறை போடுவார்கள். ஈரத்தை ஏற்றி ஏற்றி ஐந்தாறு தடவை செய்தால் அடர்த்தி ஏறி, ஓரிடத்தில் உச்சம் தொட்டு, இறங்கும். உச்சத்தில் இருந்த ஈரம்தான் அந்த மண்ணின் சரியான பதம். சாலை வேலைக்கு இதிலேயே கனமான முறை உண்டு, 4.9 கிலோ சுத்தி, 45 சென்டிமீட்டர் உயரம், ஐந்து அடுக்கு.

சமவெளியில் கிராவலுக்கு அந்தப் பதம் 8, 10 சதவீத ஈரத்தில் வரும். நம் மலைச் செம்மண்ணுக்கு 20-க்கு மேல், சில இடங்களில் 30 வரைகூடப் போகும். கோயம்புத்தூரிலிருந்து மேலே வந்து வேலை எடுக்கும் ஆட்கள் சறுக்குவது இங்கேதான். அங்கே பிரச்சினை தண்ணீர் பற்றாதது, டேங்கர் வைத்துத் தெளிப்பார்கள். இங்கே மழைக்காலம் முடிந்து வெட்டும் மண்ணில் ஏற்கெனவே பதத்தைவிட அதிக ஈரம் இருக்கும். நம் வேலை நனைப்பதல்ல, ஆற்றுவது. மண்ணைப் பரப்பி, மண்வெட்டியால் புரட்டிப் போட்டு, வெயில் படவிட வேண்டும். பத்து மணிக்கு மேல்தான் வெயில் உறைக்கும், மூன்று மணிக்கெல்லாம் மூடுபனி ஏறிவிடும். நடுவில் கிடைக்கும் நாலைந்து மணி நேரத்தில் ஒரு அடுக்குதான் முடியும். சாயங்காலம் தார்பாய் போட்டு மூடாவிட்டால் மறுநாள் காலை முந்தின நாள் உழைப்பு வீண்.

பதம் பார்க்க ஆய்வகம் தேவையில்லை. ஒரு கைப்பிடி எடுத்து உருண்டையாகப் பிடியுங்கள். கையை விரித்தால் உருண்டை நிற்க வேண்டும், உள்ளங்கை ஈரமாகப் பளபளக்கக் கூடாது. இடுப்பு உயரத்திலிருந்து கெட்டித் தரையில் போடுங்கள். மூன்று நாலு துண்டாக உடைந்தால் சரி. தூளாகச் சிதறினால் காய்ந்திருக்கிறது. அப்பளமாக அப்பிக்கொண்டால் ஈரம் அதிகம், இன்னும் ஆற்றுங்கள். இடிக்கும்போது மண் ஒரு பக்கம் அமுங்கி மறுபக்கம் மெத்தைபோல் எழும்பினாலும் அதே அர்த்தம்தான். அந்த நேரத்தில் இன்னும் நாலு தடவை ஓட்டினால் சரியாகிவிடும் என்று நினைக்காதீர்கள். ஈரமான மலைமண்ணை ஓட்ட ஓட்ட இன்னும் குழையும்.

இங்கே ஒரு வழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். வீட்டு அஸ்திவாரத்துக்குள் மணல் போட்டுத் தண்ணீர் விட்டு அமுக்குவது சமவெளியில் சாதாரணம். மணலுக்கு அது வேலை செய்யும், தண்ணீர் வழிந்து இறங்கும்போது மணலையும் நெருக்கிவிட்டுப் போகும். அதைப் பார்த்துவிட்டு இங்கே செம்மண்ணில் ஹோஸ் போட்டு விடுகிறார்கள். செம்மண்ணில் தண்ணீர் போகாமல் உட்கார்ந்துகொள்ளும். சேறாகும், காயும்போது வெடிக்கும். தயவுசெய்து செய்யாதீர்கள்.

ஆய்வகத்துக்கு மண் கொடுப்பதாக இருந்தால் இன்னொன்று. மலைச் செம்மண் சிலவற்றை அடுப்பில் வைத்தோ பல நாள் வெயிலில் போட்டோ முழுக்கக் காயவைத்துவிட்டால், மறுபடி தண்ணீர் சேர்த்தாலும் பழைய குணத்துக்கு வராது. துகள்கள் கட்டியாக ஒட்டிக்கொண்டு வேறு மண்ணாக நடந்துகொள்ளும், வரும் எண்ணும் வேறாக இருக்கும். அதனால் தோண்டிய ஈரத்தோடு பாலிதீன் பையில் கட்டிக் கொண்டுபோய், அங்கிருந்து மெதுவாக ஆற்றிச் சோதிக்கச் சொல்லுங்கள்.

அடுத்தது அடுக்கு. எந்த மெஷினாக இருந்தாலும் அடி எட்டும் ஆழத்துக்கு ஓர் எல்லை உண்டு. கையால் இடிக்கும் திமிசுக்கட்டைக்கு உதிரி மண் நாலு அங்குலத்துக்கு மேல் போடாதீர்கள். எர்த் ராம்மர் என்று வாடகைக்குக் கிடைக்கிறதே, குதித்துக் குதித்து அடிக்கும் மெஷின், அதற்கு ஆறு அங்குலம். எட்டு பத்து டன் ரோலருக்கே எட்டு, பத்து அங்குலம்தான். உங்கள் 5 அடிக்குக் கணக்குப் போட்டால் பத்துப் பன்னிரண்டு அடுக்கு வரும். சலிப்பான வேலைதான். குறுக்குவழி இதில் கிடையாது.

எந்த மெஷின் என்பதிலும் ஏமாறுகிறார்கள். தட்டையான அடித்தட்டு வைத்து அதிரும் பிளேட் கம்பாக்டர் இருக்கிறது. பேவர் பிளாக் பதிப்பவர்கள் வைத்திருப்பார்கள், வாடகையும் குறைவு. அது மணலுக்கும் ஜல்லிக்கும்தான். அதிர்ச்சியில் ஜல்லி குலுங்கி அடங்கும். களிப்பான மண் அதிர்ச்சிக்கு மசியாது, அதை மிதிக்க வேண்டும், பிசைய வேண்டும். பழைய நாளில் கரை போடும்போது மாட்டு மந்தையை ஓட்டி மிதிக்கவிட்டது இதற்குத்தான். இப்போது பெரிய வேலைகளில் உருளை முழுக்க முட்டு முட்டாகக் கால் வைத்த ஷீப்ஃபுட் ரோலர் ஓட்டுகிறார்கள், பெயரிலேயே ஆட்டுக்கால் இருக்கிறது. உங்கள் இடத்துக்குள் அது திரும்பாது, எர்த் ராம்மர் போதும்.

எத்தனை தடவை அடிப்பது? ஒவ்வொரு அடியும் முந்தின அடியில் பாதியை மிதிக்கிற மாதிரி, நாலிலிருந்து ஆறு தடவை. என்னோடு ரொம்ப நாள் வேலை பார்த்த ஒரு பெரியவர் எண்ணவே மாட்டார். "சத்தம் மாறணும் சார்" என்பார். முதல் இடியில் 'தொப்' என்று அமுங்கின சத்தம் வரும். இறுக இறுக அது கெட்டியாகி, கடைசியில் மெஷினே தரையிலிருந்து துள்ளும், உள்ளங்காலில் அதிர்வு தெரியும். அப்போது நிறுத்திக் குதிகாலால் அழுத்திப் பார்ப்பார். தடம் விழுந்தால் இன்னொரு சுற்று. ஓர் அடுக்கு முடிந்ததும் அடுத்ததைப் போடும் முன் மேல்பரப்பைக் கொஞ்சம் கீறிவிடச் சொல்வார். வழவழப்பான பரப்பின் மேல் அடுத்த அடுக்கைப் போட்டால் இரண்டுக்கும் ஒட்டு இருக்காது.

சரி, உங்கள் விரிசலுக்கு வருவோம். நடுவில் நீளவாக்கில் ஓடுகிறது என்கிறீர்களே, உள்சுவரிலிருந்து டேப் வைத்து அளந்து பாருங்கள். ஏறக்குறைய 15 அடியில் இருக்கும். வெட்டு முடிந்து கொட்டல் தொடங்கும் கோடு அது. உள்பக்கம் கன்னித்தரை, அதாவது வெட்டிப் புரட்டாத பழைய தரை, அசையாமல் நிற்கிறது, வெளிப்பக்கம் இறங்குகிறது, நடுவில் கிழிகிறது. இது வெறும் இறக்கமா, இல்லை கொட்டல் முழுவதும் கீழ்நோக்கி வழுக்க ஆரம்பித்திருக்கிறதா என்பதைத்தான் நான் முதலில் கவலைப்படுவேன். விரிசலின் இரண்டு பக்கமும் முளைக்குச்சி அடித்து இடைவெளியை வாரம் ஒருமுறை அளந்து எழுதுங்கள். வெளிப்பக்கம் கீழே மட்டும் போனால் இறக்கம். இடைவெளி அகன்றுகொண்டே போனால், சரிவின் அடியில் மண் பிதுங்கினால், கீழே நிற்கும் மரம் சாய்ந்தால், வழுக்கல். இரண்டாவது என்றால் காரை இன்றே எடுத்துவிடுங்கள். கீழே வீடு இருந்தால் அவர்களுக்கும் சொல்லிவிட்டு ஒரு புவிநுட்பப் பொறியாளரைக் கூப்பிடுங்கள். நான் இங்கே எழுதும் எதுவும் அதற்குப் போதாது. 1993 நவம்பரில் குன்னூர் பக்கம் மரப்பாலத்தில் நடந்த மண்சரிவையும், 2009 நவம்பரில் மாவட்டத்தில் 40 பேருக்கு மேல் பலிகொண்ட சரிவுகளையும் பார்த்த ஊர் இது.

வழுக்கல் இல்லை என்றால் கொட்டலை எடுத்துவிட்டுத் திரும்பப் போடுவதுதான் வழி. இரட்டைச் செலவு என்று தெரியும். புல்லும் வேரும் நிறைந்த பழைய சரிவின் மேல் மண்ணைக் கொட்டியது எண்ணெய் தடவிய பலகையில் மாவு கொட்டின மாதிரி. மேல்மண்ணையும் வேரையும் முழுக்க வழித்து எடுத்துத் தனியாகக் குவியுங்கள், பின்னால் செடிக்கு ஆகும். பிறகு பழைய சரிவைப் படிக்கட்டாக வெட்டுங்கள். ஒவ்வொரு படியும் மூன்றடி அகலம், ஓரடி உயரம், கொஞ்சம் உள்பக்கம் சாய்வாக. கொடைக்கானல் மேல்மலையில் பூம்பாறைப் பக்கம் பூண்டு போடும் படிக்கட்டு வயல்களைப் பார்த்திருப்பீர்கள், அதே யோசனைதான். மண் சரிவில் சாயாமல் படியில் உட்காரும். அடிப்படி எல்லாவற்றையும்விட அகலமாக, கன்னித்தரைக்குள் ஓரடியாவது இறங்கியிருக்க வேண்டும். இறுக்குவதில் எவ்வளவு கவனமாக இருந்தாலும் இந்தப் படியை விட்டால், நன்றாக இறுகிய ஒரு கட்டி முழுசாகக் கீழே போகும்.

விளிம்பு இன்னொரு தொல்லை. ஓரத்தில் மெஷின் நிற்காது, ஆளும் பயப்படுவான், அங்கே மட்டும் இடி குறையும். வைகைக்கரையில் எல்லார் பங்கும் அடைபட்டு வந்திக் கிழவி பங்கு மட்டும் திறந்து கிடந்த கதைதான். தண்ணீருக்கு அந்த ஓர் இடம் போதும். நாங்கள் செய்வது, வேண்டிய அளவைவிட ஓரடி வெளியே தள்ளி அடுக்கிக்கொண்டே வந்து, கடைசியில் அந்த ஓரடியைச் செதுக்கி எடுத்துவிடுவது. உள்ளே இறுகிய மண் முகமாக நிற்கும். முகம் சும்மா மண்ணாக இருப்பதென்றால் ஓரடி உயரத்துக்கு ஒன்றரை அடியிலிருந்து இரண்டடி வரை வெளியே சாய வேண்டும். கீழே தரையும் சரிந்துகொண்டே போவதால், உங்கள் 5 அடி விளிம்புக்கு 15 அடியிலிருந்து 30 அடி வரை இடம் போகும். அதில் கிக்குயு புல் பிடிக்கவிடுங்கள், இங்கே தானாகவே ஓடும்.

அவ்வளவு இடம் இல்லை என்றால் கருங்கல் தடுப்புச்சுவர். ஆறடிச் சுவருக்கு அடியில் மூன்றடி அகலம், முகம் உள்பக்கம் சாய்வு, அஸ்திவாரம் கன்னித்தரையில். ஐந்தடிக்கு ஒன்றாகத் தண்ணீர்த் துளை, வரிசை மாற்றி மாற்றி. சுவருக்குப் பின்னால் ஓரடிக்கு உடைகல் நிரப்பி அப்புறம்தான் மண். சுவரை ஒட்டி மூன்றடிக்குள் கைத்திமிசு மட்டும், மெஷின் ஏற்றினால் சுவர் வயிறு தள்ளும். ஆறடிக்கு மேல் உயரம் வேண்டுமென்றால் வரைபடம் போட்டுத்தான் கட்ட வேண்டும், மேஸ்திரி வாய்க்கணக்கு போதாது.

தண்ணீரைப் பற்றித் தனியாக எழுதினால் இன்னொரு இதே அளவு வரும், சுருக்கமாகச் சொல்கிறேன். வெட்டு முகத்துக்கு மேலே ஒரு வாய்க்கால், மேட்டிலிருந்து வரும் ஓட்டத்தை அங்கேயே திருப்பிவிட. சமதளத்தின் வாட்டம் உள்பக்கமாக, 40 அடிக்கு ஓரடி. எல்லாரும் வெளிப்பக்கம் வாட்டம் வைக்கிறார்கள், தண்ணீர் கொட்டலின் மேல் ஓடி விளிம்பை அரிக்கிறது. மலைச்சாலைகளில் ஓரக் கால்வாய் மலையோரம் இருப்பதும் இதனால்தான். உள்பக்கம் சேரும் தண்ணீரைக் குழாய் வைத்துச் சமதளத்துக்கு வெளியே, கல் பாவிய இடத்தில் விடுங்கள். ஷெட் கூரைத் தண்ணீரும் அதே குழாயில்.

ஒழுங்காக இறுகியதா என்று நீங்களே பார்க்கலாம். அடுக்கின் மேல் அரையடி ஆழத்துக்கு வாய் அகன்ற குழி தோண்டி, எடுத்த மண்ணைத் துளி சிந்தாமல் பையில் போட்டு, காய்கறிக்கடைத் தராசில் நிறுங்கள். குழிக்குள் மெல்லிய பாலிதீன் தாளைச் சுவரோடு ஒட்டப் பரப்பி, அளந்த தண்ணீரை விளிம்பு வரை ஊற்றுங்கள். 3.3 கிலோ மண் வந்த குழி 2 லிட்டர் தண்ணீர் பிடித்தது என்று வையுங்கள், ஈர அடர்த்தி லிட்டருக்கு 1.65 கிலோ. அந்த மண்ணில் கொஞ்சம் எடுத்து நிறுத்து, பழைய வாணலியில் சிறு தீயில் காயவைத்துத் திரும்ப நிறுத்ததில் ஈரம் காய்ந்த எடையில் 27 சதவீதம் வந்தால், 1.65-ஐ 1.27-ஆல் வகுக்க உலர் அடர்த்தி 1.30. ஆய்வகம் சொன்ன உச்சம் 1.45 என்றால் நீங்கள் நிற்பது 90 சதவீதத்தில். அரசு சாலை வேலையில் கரைக்கு 95, மேல் அரை மீட்டருக்கு 97 கேட்பார்கள், அதுவும் கனமான சுத்திக் கணக்கில். கார் நிறுத்தும் இடத்துக்கு லேசான சுத்திக் கணக்கில் 95 வந்தாலே நான் திருப்திப்படுவேன். 90 போதாது, அந்த அடுக்கைக் கிளறிப் பதம் பார்த்துத் திரும்ப அடிக்க வேண்டும். ஆய்வகத்தில் செய்யும்போது தண்ணீருக்குப் பதில் மணல் ஊற்றுவார்கள், தத்துவம் ஒன்றுதான். சமவெளி கிராவலில் 1.9, 2.0 பார்த்துப் பழகியவர்கள் 1.45-ஐப் பார்த்து முகம் சுளிப்பார்கள். நம் மண்ணின் உச்சமே அவ்வளவுதான்.

மேல் பரப்புக்கு ஆறு அங்குலம் உடைஜல்லியும் கிரஷர் டஸ்ட்டும் கலந்து, லேசாக நனைத்து இறுக்குங்கள். இங்கே பிளேட் கம்பாக்டர் சரியான மெஷின். ஒரு மழைக்காலம் அப்படியே விட்டுவிட்டு, எங்காவது இறங்கினால் ஜல்லி போட்டுச் சரி செய்து, அடுத்த வருடம் பேவர் பிளாக் போடலாம். கான்கிரீட்டைவிட அதுதான் என் விருப்பம். இறங்கினால் கழற்றி, மணல் போட்டுத் திரும்ப வைக்கலாம்.

ஷெட்டை உள்பக்கம் 15 அடிக்குள், கன்னித்தரையில் மட்டும் வையுங்கள். தூண்களில் பாதி வெட்டிலும் பாதி கொட்டலிலும் நின்றால், மண்ணை எவ்வளவு இறுக்கினாலும் கூரை ஒரு நாள் முறுக்கும். வெளிப்பக்கம் கார் மட்டும் நிற்கட்டும். ஷெட் பின்சுவருக்கும் வெட்டு முகத்துக்கும் நடுவில் கால்வாய்க்கும் ஆள் நடக்கவும் நாலடி விடுங்கள்.

மறுபடி ஜேசிபி இறக்கும் முன் மாவட்ட நிர்வாகத்தின் அனுமதி வாங்கிக்கொள்ளுங்கள், நீலகிரியில் அது இல்லாமல் வண்டி உள்ளே வந்தால் பறிமுதல் வரை போகும். முதல் தடவை வாங்கிய அனுமதி இதற்குச் செல்லாது. காலம், ஜனவரி கடைசியிலிருந்து மார்ச் முடிய. வடகிழக்குப் பருவமழை ஈரம் அதற்குள் இறங்கியிருக்கும், ஏப்ரலில் கோடைமழை தொடங்கிவிடும். கூடலூர் பந்தலூர் பக்கம் இருப்பவர்களுக்கு ஜூன் மழைதான் பெரிது என்றாலும் தொடங்கும் காலம் ஏறக்குறைய இதேதான்.

இப்போதைக்கு விரிசலைக் களிமண் வைத்து அடைத்து, மேலே தார்பாய் போட்டு, தண்ணீர் உள்ளே இறங்காமல் பாருங்கள். குழி தோண்டியதும் வேர் எத்தனை அடியில் வந்தது, விரிசல் உள்சுவரிலிருந்து எவ்வளவு தூரம், முளைக்குச்சி இடைவெளி ஒரு மாதத்தில் மாறியதா, இந்த மூன்றையும் எழுதுங்கள். சுவர் தேவையா, மண்முகமே போதுமா என்று அதை வைத்துச் சொல்கிறேன்.